கடை வாடகை வழக்கில் ஐகோர்ட்டுக்கு 227 மனு: எப்போது போடலாம், எப்படிப் போடலாம்

கீழ்க்கோர்ட்டில் கடை வழக்கு தோற்றதும் வாடகைதாரர் வாயில் முதலில் வருவது "ஐகோர்ட்ல பாத்துக்கலாம்" என்பதுதான். கடைச் சொந்தக்காரர் தோற்றாலும் அதையேதான் சொல்கிறார். போகலாம், தப்பில்லை, அதற்கான ஒரு வழிதான் 227 மனு, அதாவது கீழ் நீதிமன்றங்களை மேற்பார்வை செய்ய அரசியலமைப்பின் 227-வது பிரிவு ஐகோர்ட்டுக்குத் தரும் அதிகாரத்தை நம்பிப் போடுவது. ஆனால் அங்கே போனால் பாக்கி எவ்வளவு, கடை யாருக்கு நிஜமாகத் தேவை, யார் யாரை ஏமாற்றினார் என்பதையெல்லாம் மறுபடி முதலிலிருந்து கேட்பார்கள் என்று நம்பிப் போகிறவர்கள்தான் அட்மிஷன் அன்றைக்கே, அதாவது மனுவை ஏற்பதா என்று பார்க்கும் முதல் நாளிலேயே, தள்ளுபடி வாங்கிக்கொண்டு திரும்புகிறார்கள். கீழே இருந்த நீதிமன்றம் தன் அதிகாரத்துக்குள் நின்றதா, இரண்டு பக்கத்தையும் கேட்டதா, முன்னால் கிடந்த காகிதத்தைப் பார்த்துத்தான் முடிவெடுத்ததா என்பதைத்தான் உயர் நீதிமன்றம் பார்க்கும். இந்த ஒரு விஷயம் பிடிபட்டால் மனு எழுதுவது பாதி முடிந்த மாதிரி.

தமிழ்நாட்டுக் கடைகளை மனதில் வைத்து எழுதுகிறேன். இது உங்கள் வக்கீலுக்குப் பதிலாக அல்ல, வக்கீல் சொல்வது உங்களுக்குப் புரிய வேண்டும், அவரிடம் சரியான கேள்வி கேட்க வேண்டும் என்பதற்காக.

முதலில் வழக்கு எந்தச் சட்டத்தில் ஓடுகிறது என்று பாருங்கள்

எல்லாக் கடை வழக்கும் ஒரே பாதையில் மேலே போவதில்லை. 1960-ம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் இப்போது இல்லை. 2017-ல் இயற்றிய நில உரிமையாளர்கள், வாடகைதாரர்கள் உரிமைகள், பொறுப்புகள் ஒழுங்குமுறைச் சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடப்புக்கு வந்தது. அந்தத் தேதிக்கு முன்னால் தாக்கலாகி நிலுவையில் இருந்த வழக்குகள் பழைய சட்டப்படியே முடிய வேண்டும் என்று விட்டிருக்கிறார்கள். அதனால் வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரி, மேல்முறையீட்டு அதிகாரி என்று போய்வந்த பழைய வழக்கென்றால், ஐகோர்ட்டுக்குப் போக அந்தச் சட்டத்தின் 25-வது பிரிவே தனியாக ஒரு சீராய்வு உரிமை, அதாவது கீழ் உத்தரவு சரியா என்று ஐகோர்ட்டைப் பார்க்கச் சொல்லும் உரிமை, தருகிறது. அதற்குக் கெடு ஒரு மாதம்தான், தக்க காரணம் காட்டினால் இன்னும் ஒரு மாதம் வரை நீட்டலாம்.

அந்த 25-வது பிரிவு 227-ஐ விடக் கொஞ்சம் அகலமானது. கீழே கொடுத்த உத்தரவு சட்டப்படி சரியா, முறையாக வந்ததா, பொருத்தமானதா என்று பார்க்கச் சொல்கிறது. ஆனால் அங்கேயும் சாட்சியத்தை முழுசாகத் திரும்ப எடைபோட முடியாது. 2014-ல் ஹிந்துஸ்தான் பெட்ரோலியம் எதிர் தில்பகார் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, தமிழ்நாட்டுச் சட்டத்தையும் சேர்த்துப் பார்த்து, இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. ஆதாரமே இல்லாமல் ஒரு முடிவு, ஆதாரத்தைத் தப்பாகப் படித்து ஒரு முடிவு, அப்படியே விட்டால் அநியாயமாகப் போகும் என்கிற அளவுக்குக் கோணலான முடிவு, இவற்றைத் திருத்தலாம். "நான் அந்த நாற்காலியில் இருந்திருந்தால் வேறு மாதிரி முடிவு செய்திருப்பேன்" என்பதற்காகத் திருத்தக்கூடாது.

பழைய சட்டத்தில் நியாய வாடகை நிர்ணயம் என்று ஒரு பெரிய சண்டை உண்டு. மொத்த மதிப்பில் வீட்டுக்கு 9 சதவீதம், கடைக்கு 12 சதவீதம் ஆண்டு வருமானம் என்பது கணக்கு. நில மதிப்பை எந்த ஆவணத்தை வைத்து எடுத்தார்கள், கட்டடத்துக்குத் தேய்மானம் எத்தனை வருடத்துக்குக் கழித்தார்கள் என்பதில்தான் முழுச் சண்டையும். ஐகோர்ட் அங்கே தலையிட்டால் பெரும்பாலும் காரணம் இப்படி இருக்கும்: பக்கத்துத் தெரு விற்பனைப் பத்திரத்தை எடுத்துக்கொண்டு அதே தெருப் பத்திரத்தை ஏன் ஒதுக்கினோம் என்று கீழே சொல்லவேயில்லை. சதுர அடிக்கு ஐம்பது ரூபாய் கூடிவிட்டது என்று மட்டும் போனால் எடுபடாது.

புதிய சட்டத்தில் நியாய வாடகை என்பதே கிடையாது, ஒப்பந்தத்தில் என்ன எழுதினீர்களோ அதுதான் வாடகை. இங்கே வழக்கு வாடகை நீதிமன்றத்தில் தொடங்கி, மேல்முறையீட்டில் வாடகைத் தீர்ப்பாயம் போகும். சென்னையில் சிறு வழக்குகள் நீதிமன்ற நீதிபதிகள்தான் வாடகை நீதிமன்றமாக உட்காருகிறார்கள். தீர்ப்பாயத்துக்கு மேலே இந்தச் சட்டத்தில் ஐகோர்ட் சீராய்வு என்று எதுவும் எழுதவில்லை. அப்போது கையில் இருப்பது அரசியலமைப்பின் 227-வது பிரிவு மட்டும்தான்: தன் எல்லைக்குள் இருக்கும் எல்லா நீதிமன்றங்கள், தீர்ப்பாயங்கள் மீதும் ஐகோர்ட்டுக்கு உள்ள மேற்பார்வை அதிகாரம். இந்த அதிகாரத்தை எந்தச் சட்டமும் பறிக்க முடியாது என்று 1997-ல் சுப்ரீம் கோர்ட்டின் ஏழு நீதிபதிகள் அமர்வு சொல்லியிருப்பதால், சட்டத்தில் எழுதவில்லையே என்று கவலைப்பட வேண்டாம்.

மூன்றாவது வகை சாதாரண சிவில் வழக்கு. புதிய சட்டம் எட்டாத இடங்களில் 15 நாள் நோட்டீஸ் கொடுத்து, சொத்து மாற்றுச் சட்டப்படி முன்சீப் கோர்ட்டில் காலி செய்யச் சொல்லும் வழக்கு. இதில் தீர்ப்பு வந்தால் முதல் மேல்முறையீடு, இரண்டாவது மேல்முறையீடு என்று பாதை இருக்கிறது, 227 பக்கம் போகவே கூடாது. நடுவில் வரும் உத்தரவுகளுக்கு மட்டும் 227 தேவைப்படும், ஏனென்றால் சிவில் நடைமுறைச் சட்டத்தில் சீராய்வுக்கு வழி தரும் 115-வது பிரிவை 2002 ஜூலை முதல் ரொம்பவே சுருக்கிவிட்டார்கள். அந்த உத்தரவு மறுபக்கம் வந்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்கிற நிலை இருந்தால்தான் 115 செல்லும்.

கோயில் கடை என்றால் கதையே வேறு. அறநிலையத் துறைச் சட்டத்தில் வாடகை நிர்ணயத்துக்கு 34-ஏ, ஆக்கிரமிப்பை அகற்ற 78 என்று தனிப் பாதை. அதை இங்கே தொடவில்லை.

மேல்முறையீடு இருக்கும்போது 227 போடாதீர்கள்

இதை எத்தனை முறை சொன்னாலும் ஆட்கள் கேட்பதில்லை. தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்ய 30 நாள் இருக்கிறது, ஆனால் அங்கே போனால் பாக்கியைக் கட்டச் சொல்வார்கள் என்று பயந்து நேராக ஐகோர்ட்டுக்கு ஓடுகிறார்கள். விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபைக்கும் தூத்துக்குடி கல்விச் சங்கத்துக்கும் நடந்த வழக்கில், 2019-ல், சுப்ரீம் கோர்ட் நம் ஐகோர்ட் உத்தரவையே ரத்து செய்து, சிவில் நடைமுறைச் சட்டத்தில் மேல்முறையீடு இருந்தால் அது 227-க்கு ஏறக்குறைய முழுத் தடை என்று சொன்னது. வாடகைத் தீர்ப்பாயத்துக்கும் அதே வாதத்தை எதிர்த்தரப்பு வக்கீல் முதல் நாளே எடுத்துப் போடுவார். அதற்குள் உங்கள் 30 நாளும் ஓடியிருக்கும். அப்புறம் தாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தனி மனு, அதற்குத் தனிச் சண்டை.

அதே மாதிரி, எதிராளி போட்ட வழக்கையே 227-ல் தூக்கி எறியச் சொல்லி மனு போடும் பழக்கம் நம் ஊரில் நிறைய உண்டு. உரிமையாளர் கடையைக் கேட்டு வழக்குப் போட்டதும் வாடகைதாரர் வேறொரு கோர்ட்டில் தடை கேட்டு ஒரு வழக்கு போடுவார், உடனே உரிமையாளர் அதை ரத்து செய் என்று ஐகோர்ட்டுக்கு வருவார். வழக்குரையை நிராகரிக்கச் சிவில் நடைமுறைச் சட்டத்தில் ஆர்டர் 7 விதி 11 இருக்கும்போது 227-ஐ அதற்குப் பதிலாகப் பயன்படுத்தக்கூடாது என்று 2025-ல் சுப்ரீம் கோர்ட், அதுவும் சென்னை ஐகோர்ட்டிலிருந்து போன வழக்கில், சொல்லிவிட்டது. முதலில் கீழேயே அந்த மனுவைப் போடுங்கள்.

கடைக் குத்தகை சம்பந்தப்பட்ட பணத் தாவா வணிக நீதிமன்றத்தில் ஓடுகிறதா? 3 லட்சத்துக்குக் குறையாத மதிப்பு, இடம் வணிகத்துக்கு மட்டுமே பயன்பட்டிருக்க வேண்டும் என்றால் அங்கே போகலாம். 2015 வணிக நீதிமன்றச் சட்டத்தின் 8-வது பிரிவு நடு உத்தரவுகளுக்குச் சீராய்வு கிடையாது என்கிறது. 227 அரசியலமைப்பில் இருப்பதால் அது செத்துவிடவில்லை, ஆனால் கதவு ரொம்பவும் குறுகல்.

எந்த மாதிரிக் குறையைச் சொன்னால் காது கொடுப்பார்கள்

1954-ல் வந்த வர்யாம் சிங் எதிர் அமர்நாத் தீர்ப்பைத்தான் இன்றைக்கும் எல்லோரும் முதலில் காட்டுகிறார்கள், அதுவே ஒரு வாடகை வழக்கு என்பது பலருக்குத் தெரியாது. வாடகை கட்டாத வாடகைதாரரைக் காலி செய்ய உத்தரவிட்டிருக்க வேண்டிய கீழ்க்கோர்ட்டுகள் இரண்டும் உத்தரவிட மறுத்தன, ஹிமாசலத்தில் ஐகோர்ட் இடத்தில் இருந்த ஜுடீஷியல் கமிஷனர் 227-ல் தலையிட்டார், அது சரி என்று சுப்ரீம் கோர்ட் சொன்னது. கூடவே, இந்த அதிகாரத்தை அபூர்வமாகத்தான் எடுக்க வேண்டும், கீழ்க்கோர்ட்டுகளைத் தங்கள் எல்லைக்குள் நிறுத்தத்தான், வெறும் பிழை திருத்த அல்ல என்றும் சொன்னது. ஆக, வாடகைதாரருக்கான ஆயுதம் மட்டும் என்று இதை நினைக்க வேண்டாம், உரிமையாளரும் இதே வழியில் ஜெயித்திருக்கிறார்.

நடைமுறையில் பாருங்கள். டி.டி.எஸ்., அதாவது வாடகையிலேயே பிடித்துக் கட்டும் வருமான வரி, ஒரு நல்ல உதாரணம். மாதம் 80,000 வாடகை தரும் கம்பெனி 10 சதவீதம் பிடித்தம் செய்து 72,000 அனுப்புகிறது. உரிமையாளர் மாதம் 8,000 பாக்கி என்று வருடக் கணக்கில் கூட்டி வழக்குப் போடுகிறார். வாடகைதாரர் வரி பிடித்ததற்குச் சான்றான படிவம் 16-ஏ எல்லாவற்றையும் ஆவணமாகக் குறியிட்டுக் கொடுத்திருக்கிறார். தீர்ப்பில் அந்த ஆவணங்களைப் பற்றி ஒரு வரி கூட இல்லாமல் பாக்கி உண்டு, காலி செய் என்றால், அது 227-க்கு உரிய குறை. முடிவையே தீர்மானிக்கிற ஆவணத்தைப் பார்க்கவில்லை என்பது வாதம். அதே வழக்கில் நீதிபதி 16-ஏ-வைப் பார்த்து, இந்த நான்கு மாதத்துக்குப் பிடித்ததாகக் காட்டிய பணம் கட்டப்படவில்லை என்று எழுதியிருந்தால், அது தப்பாகவே இருந்தாலும், 227-ல் நீங்கள் ஜெயிப்பது கஷ்டம். முதலாவதில் நீதிபதி பார்க்கவே இல்லை, இரண்டாவதில் பார்த்து எடைபோட்டிருக்கிறார்.

குறுக்கு விசாரணைக்கு வாய்ப்பே தராமல் சாட்சியத்தை மூடியது, நோட்டீஸ் கைக்குப் போய்ச் சேராமலே ஒருதலைப்பட்ச உத்தரவு, இந்தச் சட்டமே பொருந்தாத கட்டடத்துக்கு வாடகை நீதிமன்றம் உத்தரவு போட்டது, தீர்ப்பாயம் மேல்முறையீட்டை "கீழ் உத்தரவில் தலையிடக் காரணமில்லை" என்று காரணமே சொல்லாமல் தள்ளியது, இவையெல்லாம் கேட்கக்கூடிய குறைகள். புதிய சட்டத்தில் எழுத்து ஒப்பந்தம் போட இருதரப்பும் தவறியதே காலி செய்யக் கேட்க ஒரு காரணம், அந்த வழக்குகளில் வாடகைதாரர் கையெழுத்து போடத் தயாராக இருந்து கடிதம் அனுப்பியதைக் கீழே பார்த்தார்களா என்பது முக்கியமான கேள்வியாக நிற்கும். உரிமையாளர் நல்லவர் இல்லை, பகடி (கடையைப் பிடிக்கக் கணக்கில் வராமல் கொடுக்கும் முன்பணம்) வாங்கிக்கொண்டு ஏமாற்றினார், மகனுக்குக் கடை தேவையே இல்லை என்பதெல்லாம் அங்கே எடுபடாது, கீழே சொல்ல வேண்டியது.

மனு எழுதும்போது

உத்தரவு வந்த அன்றைக்கே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பம் போட்டுவிடுங்கள். 227-க்கு என்று சட்டத்தில் கெடு எதுவும் இல்லை என்பது உண்மைதான். அதை நம்பி ஆறு மாதம் கழித்துப் போனால் ஏன் இவ்வளவு தாமதம் என்பதே முதல் கேள்வியாக இருக்கும், அதற்குள் உத்தரவை நிறைவேற்ற அமீனா கடை வாசலுக்கு வந்திருக்கவும் வாய்ப்புண்டு. 90 நாளுக்குள் போட்டுவிடுவது நல்லது. 115 சீராய்வுக்கு உள்ள கெடு அது, தாமதமா என்று பார்க்கும்போது அதை ஒட்டித்தான் எல்லோரும் யோசிக்கிறார்கள்.

எங்கே போடுவது என்பது ஊரைப் பொறுத்தது. மதுரை, திருச்சி, தஞ்சாவூர், கரூர், நெல்லை, தூத்துக்குடி, கன்னியாகுமரி மாதிரியான தென் மாவட்டங்கள், டெல்டாவில் ஒரு பகுதி எல்லாம் 2004-ல் தொடங்கிய மதுரைக் கிளைக்கு. மற்றவை சென்னைக்கு. சி.ஆர்.பி. (சிவில் சீராய்வு மனு) என்றுதான் எண் விழும், கீழே வழக்கு இன்னும் நிலுவை என்றால் பி.டி., முடிந்துவிட்டது என்றால் என்.பி.டி. ரிட் மனுவாகப் போடாதீர்கள், நீதிமன்றம் கொடுத்த உத்தரவை எதிர்த்து அரசியலமைப்பின் 226-வது பிரிவில் ரிட் வராது என்று சுப்ரீம் கோர்ட் 2015-லேயே தீர்த்து வைத்துவிட்டது.

டைப்டு செட்டில், அதாவது மனுவோடு தரும் ஆவணத் தொகுப்பில்தான், பலரும் கோட்டை விடுகிறார்கள். மனு, பதில் மனு, ஒப்பந்தம், நோட்டீஸ், அதற்கான பதில், சாட்சியத்தில் நீங்கள் நம்புகிற பக்கங்கள், ஆவணக் குறியீட்டுப் பட்டியல், இரண்டு உத்தரவுகள். தேதி வாரியாக அடுக்கி, பக்க எண் போட்டு. நீதிபதி முன்னால் உங்கள் வக்கீலுக்குக் கிடைப்பது சில நிமிடம். அந்த நேரத்தில் "பக்கம் 47, வாடகை ரசீது, தீர்ப்பில் இதைப் பற்றிப் பேச்சே இல்லை" என்று விரல் வைத்துக் காட்ட முடிந்தால் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகும், புரட்டிக்கொண்டே நின்றால் போகாது.

காரணங்களை எழுதும்போது இருபது முப்பது எழுதி நிரப்ப வேண்டாம். நான்கு போதும். ஒவ்வொன்றும் "கீழ் நீதிமன்றம் இந்த ஆவணத்தைப் பார்க்கவில்லை", "இந்த மனுவுக்கு உத்தரவே போடாமல் பிரதான வழக்கை முடித்தது" என்று செயலைக் குறிப்பதாக இருக்கட்டும். "தீர்ப்பு சட்டத்துக்கும் சாட்சியத்துக்கும் நிகழ்தகவுகளுக்கும் எதிரானது" என்கிற பழைய வரியை வைப்பது வழக்கம்தான், அதனால் யாரும் ஜெயித்ததில்லை.

ஸ்டே, அதற்கான விலை

மனு போட்டதாலேயே கீழ் உத்தரவு நிற்காது. அதை நிறைவேற்றக் கேட்கும் எக்ஸிகியூஷன் மனு அது பாட்டுக்கு நடக்கும். அதனால் சி.ஆர்.பி.யோடு சேர்த்தே ஸ்டே மனுவும் பிரமாணப் பத்திரமும் போக வேண்டும். எதிர்த்தரப்பு கேவியட், அதாவது என்னைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்கிற முன்மனு, போட்டிருந்தால் அவருக்குத் தெரியாமல் ஸ்டே கிடைக்காது. நீங்கள் ஜெயித்த பக்கம் என்றால் தீர்ப்பு வந்த வாரமே கேவியட் போடுங்கள், அது 90 நாள் செல்லும், முடிந்தால் புதுப்பியுங்கள்.

வாடகைதாரருக்கு இங்கேதான் நிஜமான வலி. ஸ்டே கேட்டால் பணம் கட்டச் சொல்வார்கள், பழைய வாடகையை மட்டும் கட்டினால் போதும் என்றும் நினைக்க வேண்டாம். டெல்லியில் ஒரு வணிக இடம், மாத வாடகை 371 ரூபாய் 90 பைசா. காலி செய்யும் உத்தரவுக்கு ஸ்டே வேண்டுமானால் மாதம் 15,000 கட்டு என்று தீர்ப்பாயம் சொன்னது. வாடகைதாரர் 227-ல் ஐகோர்ட் போய் அந்த நிபந்தனையை எடுக்க வைத்தார். சுப்ரீம் கோர்ட் 2004 டிசம்பரில், ஆத்மா ராம் பிராப்பர்ட்டீஸ் எதிர் ஃபெடரல் மோட்டார்ஸ் வழக்கில், தீர்ப்பாயத்தின் நிபந்தனையைத் திரும்ப வைத்தது. காலி செய்ய உத்தரவு வந்த பிறகும் உட்கார்ந்திருப்பவர், அந்த இடத்தை விட்டிருந்தால் சந்தையில் என்ன வந்திருக்குமோ அதற்கு ஈடு கட்ட வேண்டும் என்பதுதான் இதன் சாரம். இன்று நாடு முழுக்க எந்தக் கடை ஸ்டே விசாரணையிலும் இந்தத் தீர்ப்பு வரும்.

ஆக, போவதற்கு முன் இரண்டு கணக்கு தயார் செய்துகொள்ளுங்கள். ஒன்று, மாதவாரியாக வாடகை, டி.டி.எஸ்., ஜி.எஸ்.டி., கட்டிய தேதி, வங்கி எண் உட்பட ஒரு பட்டியல். மறுக்காத பாக்கி ஏதாவது இருந்தால் அதை டி.டி.யாகக் கையோடு கொண்டு போங்கள், அது உங்கள் நேர்மைக்கான சான்று. இரண்டு, உங்கள் தெருவில் இப்போது ஓடும் வாடகை என்ன என்பதற்குப் பதிவான ஒப்பந்தங்கள். உரிமையாளர் சதுர அடிக்கு இருநூறு என்று கூசாமல் சொல்வார், மறுக்க உங்களிடம் காகிதம் இல்லையென்றால் நடுவில் ஒரு தொகையை வைத்துவிடுவார்கள். நிபந்தனைத் தொகையை ஒரு மாதம் தவறினாலும் ஸ்டே காலி.

ஒரு பழைய நம்பிக்கையையும் விட்டுவிடுங்கள். ஸ்டே ஆறு மாதத்தில் தானாகக் காலாவதியாகும் என்று 2018-ல் வந்த தீர்ப்பை வைத்துக்கொண்டு சில உரிமையாளர்கள் இன்னும் கீழ்க்கோர்ட்டில் மெமோ போடுகிறார்கள். 2024 பிப்ரவரி 29-ல் சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது. ஸ்டேயை நீக்க வேண்டுமானால் மனு போட்டுத்தான் நீக்க வேண்டும். அதே தீர்ப்பில் இன்னொன்றும் இருக்கிறது: கீழே நிலுவையில் இருக்கும் வழக்கை இத்தனை மாதத்தில் முடி என்று மேல் நீதிமன்றங்கள் சாதாரணமாகக் கெடு விதிக்கக்கூடாது, விதிவிலக்கான சூழலில் மட்டும்தான். சீக்கிரம் முடிக்கச் சொல்லுங்கள் என்று மட்டும் கேட்டு 227 போடுவது நம்மிடையே ரொம்ப சகஜம். இனி அதற்கு உங்கள் வழக்கில் என்ன விசேஷம் என்று காட்ட வேண்டும்: 80 வயது உரிமையாளர், இடியும் நிலையில் கட்டடம், வருடக்கணக்கில் ஒரு ரூபாய் வாடகை இல்லை என்கிற மாதிரி. கீழ்க்கோர்ட்டின் தேதிவாரி நடவடிக்கைப் பட்டியலை இ-கோர்ட்ஸ் தளத்திலிருந்து எடுத்து, எத்தனை வாய்தா யார் கேட்டது என்று குறித்துக் கொடுங்கள். வாய்தாவில் பாதி நீங்களே கேட்டது என்றால் இந்த மனுவை மறந்துவிடுங்கள்.

தோற்றால்

227-ல் தனி நீதிபதி சொன்னதை எதிர்த்து அதே ஐகோர்ட்டில் இரண்டு நீதிபதிகள் உட்காரும் டிவிஷன் பெஞ்சுக்கு மேல்முறையீடு இல்லை. சுப்ரீம் கோர்ட்டுக்கு 90 நாளில் சிறப்பு அனுமதி மனு, அவ்வளவுதான், அது கிடைப்பது இன்னும் அரிது.

தோற்கப் போகிறோம் என்று விசாரணையிலேயே தெரிந்துவிட்டால், பிடிவாதம் பிடிக்காமல் காலி செய்ய அவகாசம் கேளுங்கள். கடையில் சரக்கு இருக்கிறது, வேறு இடம் பிடிக்க வேண்டும், ஜி.எஸ்.டி. பதிவில் முகவரி மாற்ற வேண்டும் என்றால் நீதிபதிகள் பெரும்பாலும் சில மாதம் தருவார்கள், பதிலுக்கு உறுதிமொழிப் பிரமாணப் பத்திரம் கேட்பார்கள். இந்தத் தேதியில் காலி செய்வேன், யாருக்கும் உள்வாடகைக்கு விடமாட்டேன், அதுவரை மாதா மாதம் கட்டுவேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டு மீறினால் நீதிமன்ற அவமதிப்பு, அதில் தப்பிப்பது லேசில்லை. பங்குதாரர் நிறுவனம் என்றால் எல்லாப் பங்குதாரரும் கையெழுத்திடச் சொல்வார்கள், ஒருவர் ஊரில் இல்லை என்பதை அன்றைக்குப் போய்ச் சொல்லாதீர்கள். சாவி கொடுக்கும் நாளில் மின் மீட்டர் ரீடிங், பொருத்தியிருந்த ஷட்டர், ஏ.சி. எது யாருடையது என்பதை ஒரு தாளில் எழுதி இருவரும் கையெழுத்து போட்டு ஆளுக்கொரு பிரதி வைத்துக்கொள்ளுங்கள், அட்வான்ஸ் திரும்ப வராமல் அடுத்த வழக்கு தொடங்குவது பெரும்பாலும் இந்தத் தாள் இல்லாததால்தான்.